ஒரு மணி நேரத்தில் ஒரு மேடையைக் கடப்பது எப்படி?

வாசகர் கேள்வி – பதில்

இந்த இதழில் உங்கள் கேள்விகளுக்குப் பதில் சொல்பவர் ஒரு நடன இயக்குநர். மந்தைவெளியில் பிறந்து, பரதநாட்டியம் கற்று, இப்போது திருவான்மியூரில் ஒரு சிறு குழுவை வைத்துக்கொண்டு தற்கால நடனம் அமைத்துவருகிறார்.

கே: நான் ஓய்வு பெற்ற வங்கி ஊழியன். மகள் வற்புறுத்தியதால் உங்கள் நிகழ்ச்சிக்கு வந்தேன். ஒரு மணி நேரத்தில் மூன்று பெண்கள் மேடையின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்குப் போனார்கள். தவறாக நினைக்க வேண்டாம், இதில் நடனம் எங்கே இருக்கிறது? (நங்கநல்லூர் வாசகர்)

ப: தவறாக நினைக்கவில்லை சார். கடைசி வரை உட்கார்ந்திருந்தீர்களே, அதற்கே நன்றி சொல்ல வேண்டும். இடைவேளை விடாததால் உங்களுக்கு வேறு வழி இருக்கவில்லை என்பதும் தெரியும்.

அந்த மூன்று பேரும் மூலைக்கு மூலை போனது அரைமண்டியில், அதாவது முட்டிகளை வெளிப்பக்கம் மடக்கிப் பாதி உட்கார்ந்த நிலையில். பரதநாட்டியத்தில் அரைமண்டியில் உட்கார்ந்து ஒரு காலைத் தூக்கித் தட்டுகிறோம். தட்டும் கால் கண்ணில் படுகிறது, தாளம் காதில் விழுகிறது. தட்டாத காலை யாரும் பார்ப்பதில்லை. ஆனால் அந்த நேரத்தில் உடம்பின் மொத்த பாரத்தையும் சுமப்பது அந்தக் கால்தான். எனக்கு அதைப் பார்க்க வேண்டும் என்று ஆசை. அதனால் தட்டுவதை எடுத்துவிட்டேன். பாரம் வலது காலிலிருந்து இடது காலுக்கு மாறுவதை மட்டும் வைத்துக்கொண்டேன். முதலில் இடுப்பு ஒரு விரற்கடை நகரும். வலது குதிகால் லேசாகும். அப்புறம் பாதத்தின் வெளி ஓரம். கடைசியில்தான் பெருவிரல் தரையை விடும். அதற்குள் இடது தொடை நடுங்க ஆரம்பித்திருக்கும். அந்த நடுக்கத்தை மறைக்க வேண்டாம் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

வேகமாக ஆடும்போது உடம்பு ஏமாற்றலாம். முட்டி உள்பக்கம் திரும்பினாலும், முதுகு சரிந்தாலும், அடுத்த அடவு, அதாவது அடுத்த ஆட்ட அசைவு, வந்து மூடிவிடும். மெதுவாகப் போனால் மூடுவதற்கு ஒன்றும் வராது. நீங்கள் பார்த்தது அதைத்தான். பிடிக்கவில்லை என்றால் அது உங்கள் உரிமை. நடனம் இல்லை என்று சொன்னால் மட்டும் அந்த மூன்று பேரின் தொடைகள் சார்பாக ஆட்சேபம் தெரிவிப்பேன்.

கே: உங்கள் பேட்டிகளில் சந்திரலேகா என்ற பெயர் வந்துகொண்டே இருக்கிறது. எனக்கு முரசு நடனம் வந்த ஜெமினி படம்தான் தெரியும். யார் அவர்? (மயிலாப்பூர் வாசகி)

ப: பெயர் ஒன்று, ஆள் வேறு. வாசன் எடுத்த 'சந்திரலேகா' 1948-இல் வந்தது. அதே ஆண்டில் வெளியான, நவீன நடன முன்னோடி உதய்சங்கரின் 'கல்பனா' என்ற நடனப் படமும் அதே ஜெமினி ஸ்டுடியோவில் எடுத்ததுதான். இந்தியாவின் நவீன நடனத்துக்கு இந்த ஊரோடு இருக்கும் உறவு பலர் நினைப்பதைவிடப் பழையது. தினமும் அண்ணா மேம்பாலத்தில் சிக்கிக்கொண்டு ஹார்ன் அடிப்பவர்கள் அந்த இடத்துக்குப் பக்கத்தில்தான் நிற்கிறார்கள்.

நான் சொல்லும் சந்திரலேகா 1928-இல் மகாராஷ்டிரத்தின் வாடாவில் ஒரு குஜராத்திக் குடும்பத்தில் பிறந்தவர். சட்டப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு நடனம் கற்க மதராசுக்கு வந்தார். காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளை அவருக்குக் குரு. 1952-இல் அரங்கேற்றம். ராயலசீமா வறட்சி நிவாரண நிதிக்காக நடந்த நிகழ்ச்சி அது. 'மதுரா நகரிலோ' ஆடுகிறார். யமுனையில் தண்ணீர் நிரம்பி வழிகிறது, கோபியர் நீரை வாரி இறைத்து விளையாடுகிறார்கள். ஆடிக்கொண்டிருக்கும்போதே, பத்திரிகைகளில் பார்த்த படங்கள் அவருக்கு ஞாபகம் வருகின்றன. வெடித்த நிலம், பாத்திரங்களோடு வரிசையில் நிற்கும் ஜனங்கள். கை தண்ணீரை அள்ளுகிறது, மனசுக்குள் ஒரு சொட்டு இல்லை. அந்த முரண்பாட்டை வாழ்நாள் முழுவதும் தன்னால் உதற முடியவில்லை என்று அவரே சொல்லியிருக்கிறார்.

இதைப் படித்துவிட்டு, அடுத்த நாளே அவர் புரட்சி செய்துவிட்டார் என்று நினைத்துவிடாதீர்கள். தொடர்ந்து ஆடினார். 1960-இல் 'தேவதாசி', 1972-இல் 'நவக்கிரகா' என்று மேடையேற்றினார். அதற்கப்புறம் பத்து ஆண்டுகளுக்கு மேல் நடன மேடைப் பக்கமே வரவில்லை. சுவரொட்டிகள் வரைந்தார், பெண்கள் இயக்கங்களோடு வேலை செய்தார், பட்டறைகள் நடத்தினார். 1982-இல் அவர்மீது ராஜத்துரோக வழக்குகூடப் போட்டார்கள், பிறகு அது கைவிடப்பட்டது. நடனக் கலைஞர் மீது ராஜத்துரோகம்! நம் சபா வட்டாரத்தில் அதிகபட்சக் குற்றம் மேக்கப் கலைவதுதான்.

1984-இல் மும்பையில் கிழக்கு–மேற்கு நடனச் சந்திப்பு ஒன்று நடந்தது. அதில்தான் திரும்பி வந்தார். அடுத்த ஆண்டு 'அங்கிகா'. பரதநாட்டியத்தின் அடவு, கேரளத் தற்காப்புக் கலையான களரியின் மெய்ப்பயிற்சி, யோகாசனம் மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். அதில் சாமி இல்லை, காத்திருக்கும் நாயகி இல்லை, உடம்பு மட்டும் இருந்தது. 1989-இல் 'லீலாவதி'. பன்னிரண்டாம் நூற்றாண்டில் பாஸ்கராச்சாரியார் எழுதிய கணிதப் புத்தகத்தை நடனமாக்கினார். அந்தப் புத்தகத்தில் ஒரு வண்டுக் கணக்கு உண்டு. கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கு ஒரு பூவுக்குப் போகிறது, மூன்றில் ஒரு பங்கு இன்னொரு பூவுக்கு, இந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் போல மூன்று மடங்கு மூன்றாவது பூவுக்கு. மிச்சம் ஒரே ஒரு வண்டு காற்றில் அலைகிறது. மொத்தம் எத்தனை? (15. நீங்கள் பேப்பரைத் தேட வேண்டாம்.) ஒரு கணக்கை இவ்வளவு அழகாகக் கேட்க முடியும் என்றால், அதை ஆடவும் முடியும் என்று தோன்ற ஒரு ஆள் வேண்டும், அவ்வளவுதான்.

நான் முதலில் பார்த்தது 'ஸ்ரீ'. கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். பெண்கள் முதுகெலும்பு வளைந்தபடியே மேடையைக் கடந்து போகிறார்கள். ஒரு நகை இல்லை, முகத்தில் நவரசம் இல்லை. பரதநாட்டியத்தில் எனக்குச் சொல்லித்தந்த முதல் பாடம் 'முதுகை நேராக வை'. நேரான முதுகு யாருக்கு வாய்த்தது, யாருக்கு வாய்க்கவில்லை என்று அதுவரை நான் யோசித்ததே இல்லை. வீட்டுக்கு வந்து சாப்பாடு இறங்கவில்லை என்றெல்லாம் கதை விட மாட்டேன். நன்றாகச் சாப்பிட்டேன். ஆனால் அடுத்த வகுப்பில் அலாரிப்புக்கு நின்றபோது என் முதுகு எனக்குப் புதிதாக இருந்தது.

சந்திரலேகாவின் கடைசிப் படைப்பு 'சரீரா', 2001. இரண்டே பேர், ஒரு பெண்ணும் களரி தெரிந்த ஓர் ஆணும். குந்தேச்சா சகோதரர்களின் துருபத் இசை, வடஇந்தியாவின் பழைய பாட்டு முறை. என் நடனம் மெதுவாகப் போகிறது என்று அலுத்துக்கொள்பவர்கள் அதைப் பார்த்திருந்தால் என்னைப் புயல் என்பார்கள். 2004-இல் சங்கீத நாடக அகாடமி ஃபெல்லோஷிப் கொடுத்தது. 2006 டிசம்பர் 30 அன்று இங்கேதான் காலமானார். எலியட்ஸ் கடற்கரையை ஒட்டிய அவர் வீடு 'ஸ்பேசஸ்' என்ற பெயரில் இன்றும் கலைகளுக்கான இடமாக இருக்கிறது.

கே: பாரம்பரியத்தை உடைப்பதில் உங்களுக்கு அப்படி என்ன சந்தோஷம்? (கும்பகோணம் வாசகர்)

ப: எந்தப் பாரம்பரியத்தை? உங்கள் பக்கத்து ஊர்க்காரர்களான தஞ்சை நால்வர், அதாவது சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு, பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் கச்சேரிக்கு ஓர் ஒழுங்கு செய்தார்கள். அலாரிப்பில் தொடங்கித் தில்லானாவில் முடியும் வரிசை அங்கிருந்து வந்தது. 1935-இல், பரம்பரையாக ஆடும் குடும்பத்தில் பிறக்காத ருக்மிணி தேவி மேடை ஏறியபோது 'உடைக்கிறார்' என்றுதான் பேசினார்கள். 1947-இல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது, தலைமுறை தலைமுறையாக ஆடிய குடும்பத்துப் பெண்கள் பலர் சலங்கையைக் கழற்றிவைத்தார்கள். உடைந்தது என்று ஒன்று உண்டென்றால் அதைச் சொல்லுங்கள். நான் அரைமண்டியைக் கையில் வைத்துக்கொண்டு சில கேள்விகள் கேட்கிறேன். பரதநாட்டியத்தை நான் விடவே இல்லை. மாலை நாலரை மணிக்கு வந்தால் குழந்தைகளுக்குத் தட்டடவு சொல்லிக்கொடுத்துக்கொண்டிருப்பேன், தட்டுக்கழியோடு.

கே: டிவி நடனப் போட்டிகளில் 'இந்த வாரம் கன்டெம்பரரி ரவுண்டு' என்கிறார்களே, அதுவும் நீங்கள் செய்வதும் ஒன்றா? (ஆவடி மாணவர்)

ப: சித்தப்பா பிள்ளைகள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர்களுடைய தாத்தா–பாட்டி வரிசையில் மார்த்தா கிரகாம் இருக்கிறார். 1926-இல் நியூயார்க்கில் குழு தொடங்கியவர். மூச்சை விடும்போது வயிறு உள்வாங்குவதையும், தரையில் விழுந்து எழுவதையும் ஒரு முறையான பயிற்சியாகவே ஆக்கியவர். டிவியில் பிள்ளைகள் உருண்டு எழுகிறார்களே, அதன் வேர் அங்கே இருக்கிறது. நடுவர் அழுவது பிற்சேர்க்கை.

அந்தப் பிள்ளைகளின் பலத்தை நான் குறைத்துப் பேச மாட்டேன். என் வயதுக்கு அவர்கள் உருளுவதில் கால்வாசி உருண்டாலே இரண்டு நாள் எழுந்திருக்க முடியாது. வித்தியாசம் நேரத்தில் இருக்கிறது. அவர்களுக்கு ஒரே பாட்டு, சில நிமிடம். அதற்குள் காதல், பிரிவு, மரணம் மூன்றும் முடிந்தாக வேண்டும். பாட்டு வரிக்கு வரி கை போகிறது. எனக்கு ஒரு மணி நேரம் இருக்கிறது, யாரும் சாக வேண்டியதில்லை.

கே: ஒரு புதிய நடனத்தை எங்கிருந்து தொடங்குவீர்கள்? கதையா, இசையா, அசைவா? (கல்லூரி மாணவி, தாம்பரம்)

ப: எனக்குப் பிடித்த கேள்வி, கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன்.

பெரம்பூரிலிருந்து பெசன்ட் நகர் போகும் 29சி பேருந்தில் நீங்கள் ஏறியிருப்பீர்கள். காலை நேரத்தில் கண்டக்டர் நம்மிடம் வர முடியாது. 'ஒரு அடையார்' என்று காசை முன்னால் நிற்பவரிடம் கொடுக்கிறோம். அது கைமாறிக் கைமாறிப் போகிறது, டிக்கெட்டும் சில்லறையும் அதே வழியில் திரும்பி வருகின்றன. இதில் யாரும் யார் முகத்தையும் பார்ப்பதில்லை. ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஓர் அம்மாவின் கை மட்டும் பின்பக்கம் வரும், வாங்கும், முன்பக்கம் போகும். தோள் திரும்பாது. முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரைதான் வேலை. காசு கீழே விழுந்து நான் பார்த்ததே இல்லை.

இதை எடுத்துக்கொண்டு ஒத்திகைக்குப் போனேன். என்னோடு ஆடுபவர்கள் எல்லோரும் சிறு வயதிலிருந்து பரதநாட்டியம் கற்றவர்கள். ஒரு ரூபாய் நாணயத்தைக் கொடுத்தேன். வாங்கிய அடுத்த நொடியே விரல்கள் ஹம்சாஸ்ய முத்திரை ஆகிவிட்டன. கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் சேர, மற்ற மூன்றும் பூ மாதிரி விரிகின்றன. பேருந்தில் யார் அப்படிக் காசு வாங்குவார்கள்? அதைவிடப் பெரிய சிக்கல் கண். 'கை போகும் இடத்துக்குக் கண் போக வேண்டும், கண் போகும் இடத்துக்கு மனம்' என்று பழைய நாட்டிய நூலான அபிநய தர்ப்பணம் சொல்வது அவர்களுக்கு ரத்தத்தில் ஊறியிருக்கிறது. எனக்கோ கை ஒரு பக்கமும் கண் வேறு பக்கமும் போக வேண்டும். கண்ணைக் கட்டிப் பார்த்தோம். கட்டினால் தலை கையின் பக்கம் சாய்கிறது! சரி, எல்லோரும் ஆளுக்கு ஒரு பழைய சினிமாப் பாட்டை வாய்க்குள் முணுமுணுத்துக்கொண்டே கையை மட்டும் நீட்டுங்கள் என்றேன். மனம் பாட்டில் போனதும் கை தனியாகக் கழன்றது. மறுபடி மறுபடி செய்து அதைப் பிடித்தோம்.

அப்புறம் நாணயத்தை எடுத்துவிட்டேன். பேருந்து மாதிரி ஆடுவதை எடுத்துவிட்டேன். பாட்டையும் எடுத்துவிட்டேன். மிஞ்சியது ஐந்து பெண்கள், பார்க்காமலே கொடுத்து வாங்கும் கைகள். நிகழ்ச்சிக் குறிப்பில் 29சி என்று ஒரு வார்த்தைகூடப் போடவில்லை. ஆனால் முடிந்ததும் ஒரு பாட்டி வந்து, 'ரேஷன் கடை வரிசையில நிக்கிற மாதிரி இருந்ததுமா' என்றார். அது போதும், பேருந்தே ஆக வேண்டும் என்று எனக்குக் கட்டாயம் இல்லை.

ஆக, தொடங்குவது கண்ணால் பார்த்த ஓர் அசைவிலிருந்து. பிறகு பெரும்பாலும் எடுத்துவிடும் வேலைதான். ஒத்திகையை ஃபோனில் படம் பிடித்து, சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்ப்பேன். சத்தம் இல்லாமல் எது சாய்ந்துவிடுகிறதோ அது இசையின் முதுகில் ஏறி வந்தது என்று அர்த்தம். அதையும் எடுத்துவிடுவேன். குழுவில் ஒரு பெண் இதைப் பார்த்துவிட்டு, 'அக்கா, விட்டா எங்களையும் எடுத்துடுவீங்க' என்றாள்.

கே: சலங்கையும் மிருதங்கமும் இல்லாமல் ஆடுபவர்கள் எப்படி ஒரே நேரத்தில் நகர்கிறார்கள்? (புரசைவாக்கம் வாசகர்)

ப: மூச்சால். முன்னால் நிற்பவர் மூச்சு இழுக்கும்போது விலா எலும்பு விரிவது பின்னால் நிற்பவருக்குத் தெரியும். பரதநாட்டியத்தில் தாளம் தட்டி ஆட்டத்தை நடத்துவார்களே, அந்த நட்டுவாங்கம் எங்களுக்கு இதுதான். நம்ப முடியவில்லை என்றால், தற்கால நடனக் கலைஞர் அஸ்தாத் தேபூ செய்ததை நினைத்துக்கொள்ளுங்கள். மும்பையில் வாழ்ந்து 2020-இல் காலமான அவர், சென்னையில் உள்ள கிளார்க் காது கேளாதோர் பள்ளி மாணவிகளோடு பல காலம் வேலை செய்தார். 2005-இல் மெல்பர்னில் நடந்த காது கேளாதோர் ஒலிம்பிக்ஸில் அவர்கள் ஆடினார்கள். இசை கேட்காதவர்கள் ஒன்றுபோல் ஆட முடிந்தால், கேட்கும் காதுகளை வைத்துக்கொண்டு நாங்கள் செய்வது ஒன்றும் பெரிய காரியம் இல்லை.

இசையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கடைசி இரண்டு வாரத்தில்தான் சேர்ப்பேன். அதற்குள் நடனம் சொந்தக் காலில் நிற்கப் பழகியிருக்கும்.

கே: உங்கள் வீட்டில் உள்ளவர்களுக்கு உங்கள் நடனம் பிடிக்குமா? (திருச்சி வாசகி)

ப: அம்மாவுக்கு லைட்டிங் பிடிக்கும்.

கே: பொறியியல் முடித்த என் மகள் வேலையை விட்டுவிட்டுத் தற்கால நடனத்துக்கு வருகிறேன் என்கிறாள். இதில் வாழ முடியுமா? (மேற்கு மாம்பலம் தாய்)

ப: வேலையை உடனே விட வேண்டாம் என்று நான் சொன்னதாகச் சொல்லுங்கள். இதில் தனியாக வருமானம் என்று பெரும்பாலும் ஒன்றும் கிடையாது. வெளிநாட்டுக் கலாசார மையங்கள், ஒரு சில அறக்கட்டளைகள், எப்போதாவது வெளிநாட்டு விழா அழைப்பு. சபாக்களில் எங்களுக்கு இடம் குறைவு. ஒரு செயலாளர் என்னிடம், 'கதை இல்ல, சலங்கை இல்ல, ஸ்பான்சர்கிட்ட என்னம்மா சொல்றது?' என்று கேட்டார். அவர் பக்கத்திலிருந்து பார்த்தால் நியாயமான கேள்வி.

நான் எப்படிச் சமாளிக்கிறேன் என்றால், காலையில் தரமணி, பெருங்குடிப் பக்கம் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து கழுத்து பிடித்துக்கொண்டவர்களுக்கு உடற்பயிற்சி வகுப்பு. மாலையில் குழந்தைகளுக்குப் பரதநாட்டியம். நடுவில் கிடைக்கும் நேரத்தில் ஒத்திகை. பரதநாட்டியம்தான் என் தற்கால நடனத்துக்குச் சோறு போடுகிறது, இதை நான் ஒளிப்பதே இல்லை. பத்மினி செட்டூர் வேதியியல் படித்தவர். 1991-இலிருந்து பத்து ஆண்டுகள் சந்திரலேகாவோடு ஆடிவிட்டு, தனக்கென ஒரு மொழியை உருவாக்கிக்கொண்டார். அதனால் பட்டப் படிப்பு எந்த விதத்திலும் தடை இல்லை. உடனே பலன் எதிர்பார்ப்பதுதான் தடை.

இன்னொன்று, பணத்தைவிட அவசரமாகக் கவனிக்க வேண்டியது தரை. சிமெண்ட்டின் மேல் ஒட்டிய டைல்ஸில் தினமும் வெறும் காலோடு பயிற்சி செய்தால் முழங்காலும் கணுக்காலும் நாற்பது வயதுக்குள் பேச ஆரம்பித்துவிடும். அடியில் காற்றுவெளி விட்டுப் போட்ட மரத்தரை இருக்கும் இடமாகப் பார்த்துச் சேர்த்துவிடுங்கள். மகளின் ஆசிரியர் யார் என்று விசாரிப்பதற்கு முன் தரையைத் தட்டிப் பாருங்கள். எனக்குக் கொஞ்சம் பணம் வந்தபோது நான் முதலில் வாங்கியதும் அதைத்தான், ஆடைகளை அல்ல.

கே: நான் இதுவரை தற்கால நடனம் பார்த்ததே இல்லை. சென்னையில் எங்கே, எப்போது பார்க்கலாம்? புரியாமல் போய்விடுமோ என்று பயமாகவும் இருக்கிறது. (வேளச்சேரி வாசகர்)

ப: டிசம்பரில் தேடாதீர்கள், கிடைக்காது. சீசன் முடிந்து ஊர் ஓய்ந்த பிறகு தேடுங்கள். ஸ்பேசஸ், கல்லூரிச் சாலை அலியான்ஸ் பிரான்சேஸ், எழும்பூர் மியூசியம் தியேட்டர், நுங்கம்பாக்கம் ஜெர்மன் பண்பாட்டு மையம் ஆகிய இடங்களின் அறிவிப்புகளைக் கவனியுங்கள். பத்மினி செட்டூர், ப்ரீத்தி ஆத்ரேயா பெயர்கள் கண்ணில் பட்டால் விட்டுவிடாதீர்கள். ப்ரீத்தி குதிப்பதை மட்டுமே வைத்து ஒரு முழு நடனம் அமைத்திருக்கிறார். குதிப்பது எல்லோருக்கும் புரியும், பயப்பட வேண்டாம்.

முன்வரிசை காலியாக இருக்கிறதே என்று போய் உட்காராதீர்கள். பாதங்கள் தரையைத் தொடுவது தெரிகிற மாதிரி, கொஞ்சம் பின்னால், உயரமான இடமாகப் பாருங்கள். நிகழ்ச்சிக் குறிப்பை முதலில் படிக்காதீர்கள். நாங்கள் எழுதும் குறிப்பு பல சமயம் நடனத்தைவிடப் புரியாது. டிக்கெட் பெரும்பாலும் இருக்காது, வாசலில் காசு போட ஒரு பெட்டி வைத்திருப்பார்கள். அதைக் குடைப் பெட்டி என்று நினைத்துச் சிலர் தாண்டிப் போய்விடுகிறார்கள்.